காதர் அண்ணனைக் கேட்டீர்களா?

பினாங்கிலிருந்து கிளம்பும்போது வீட்டில் எல்லோரும் சொல்லிவைத்தாற்போல ஒரே புத்திமதி சொன்னார்கள். கல்யாணத்துக்குப் போகிறாய், சாப்பிடு, மொய் எழுது, வாயை மூடிக்கொண்டு திரும்பி வா. முதல் இரண்டையும் செய்துவிடலாம். மூன்றாவது என்னால் ஆகாது என்று அவர்களுக்கே தெரியும். மூளையில் அடிபட்டுப் பேச்சு போனவர்களைப் பேச வைப்பதுதான் இருபது வருஷமாக ஆஸ்பத்திரியில் என் வேலை. வாயை மூடிக்கொள்வதற்கு எனக்கு யாரும் சம்பளம் தந்ததில்லை.

கல்யாணம் என் பெரியம்மா மகன் காதர் அண்ணனின் ஒரே மகள் சபீராவுக்கு. அண்ணன் கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் ஓர் இரும்பு ஆலையில் கிரேனுக்குக் கீழே நிற்பவர். மேலே உட்கார்ந்திருக்கும் டிரைவருக்கு எதைத் தூக்குவது, எங்கே இறக்குவது என்று சொல்வது அவர் வேலை. எட்டு மாதத்துக்கு முன் சங்கிலியிலிருந்து நழுவிய கம்பிக்கட்டு ஒன்று அவர் தலையின் இடது பக்கத்தில் இடித்துவிட்டது. உயிர் தப்பியது. வலது கை விழுந்துவிட்டது, பேச்சு போய்விட்டது. மிஞ்சியது ‘அதான்’ என்ற ஒரே சொல்.

வியாழக்கிழமை மதியம் சென்னையில் ஏறிய லோக்கல் ரயில் அத்திப்பட்டில் நின்றுகொண்டது. அனல்மின் நிலையத்துக்குக் கரி கொண்டுபோகும் வண்டிக்கு வழிவிட வேண்டுமாம். ஐந்து நிமிஷம் என்றார்கள், நாற்பது ஆனது. பினாங்குப் படகுத்துறையில் பத்து நிமிஷம் தாமதமானாலே ஆளாளுக்குக் கைக்கடிகாரத்தைப் பார்ப்பார்கள். இங்கே எதிரில் இருந்த மீன்காரப் பெண் தன் காலிக்கூடையை என் பெட்டிமேல் வைத்துவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

“இன்னாத்துக்கு மூஞ்ச இப்டி வெச்சிக்கினுகீற? கரி வண்டி போனாத்தான் உன் ஊட்ல லைட்டு எரியும்.”

என் வீடு மலேசியாவில் இருக்கிறது என்றேன்.

“அங்க மட்டும் இன்னா, சும்மாவா எரியுது?” என்று கேட்டு, மிளகாய்த்தூள் தடவிய பாதிக் கொய்யாவை நீட்டினாள். அந்தக் காரத்தில் கண்ணில் தண்ணீர் வந்தது. கரி வண்டியின் மேல் இருந்த கோபம் மறந்துபோனது.

கும்மிடிப்பூண்டி வீட்டில் மைமூன் அண்ணி எனக்காக இறாலும் முருங்கைக்காயும் போட்டுக் குழம்பு வைத்துக் காத்திருந்தார். பழவேற்காட்டு இறால். அண்ணன் ஜன்னலோரம் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. எப்படி இருக்கிறீர்கள் அண்ணே என்றேன். அவர் வாயைத் திறப்பதற்குள் அவருடைய தம்பி சலீம் முந்திக்கொண்டான்.

“அத்த கேக்காதக்கா. எத்த கேட்டாலும் அதான் அதான்னுது. ஒண்ணும் புரியாது.”

அது! எனக்குச் சுர்ரென்று ஏறியது. இருபது வருஷமாக நான் சண்டை போடுவது இந்த ‘அது’வோடுதான். சாப்பாட்டைத் தள்ளி வைத்தேன்.

“அண்ணே, சலீமுக்கு மூணு காது இருக்கா?” என்று கேட்டேன்.

அண்ணன் சிரித்தார். தலையை இடமும் வலமும் ஆட்டினார்.

“மேசையில இருக்கற சாவியை எடுத்து டம்ளருக்குப் பின்னால வையுங்க. அப்புறம் ஜன்னலைக் காட்டுங்க.”

இடது கையால் சாவியை எடுத்து டம்ளருக்குப் பின்னால் வைத்தார். ஜன்னலைக் காட்டினார். பிறகு ‘அதான்!’ என்றார், இப்போது தெரிந்ததா என்கிற தோரணையில். அண்ணி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். எட்டு மாதத்தில் இந்த மாதிரி அவரிடம் யாரும் எதுவும் கேட்டதில்லையாம்.

சலீம் விட்டுக்கொடுப்பதாக இல்லை. “தொழுவறப்போ அல்ஹம்து சூறாவ சுத்தமா ஓதுறாரு. மக பேர சொல்லச் சொன்னா வாய் வரல. இதுக்கு இன்னா சொல்ற? ஒண்ணு நடிப்பு, இல்லன்னா சைத்தான் வேல.”

இரண்டும் இல்லை, நடித்துக் காட்டுகிற அளவுக்கு இங்கே அவரை யாரும் கவனிக்கவே இல்லை என்றேன். சின்ன வயதில் மனப்பாடமான ஓதல், பாட்டு, ஒன்று இரண்டு மூன்று எண்ணுவது, கோபத்தில் வருகிற கெட்ட வார்த்தை, இவையெல்லாம் பேச்சு போன பிறகும் பலருக்குத் தப்பிவிடும். யோசித்து, சொல்லைத் தேடி எடுத்துப் பேசுவதுதான் போகும். பேச்சு என்பது ஒரே மூட்டையாக மூளையில் இல்லை என்று உலகம் தெரிந்துகொண்டதே இப்படிப்பட்டவர்களைப் பார்த்துத்தான். சலீம் தலையாட்டினான். நம்பிய மாதிரித் தெரியவில்லை.

மறுநாள் வெள்ளிக்கிழமை. ஆப்பமும் பாயாவும் நாஷ்டா. நாங்கள் பசியாறுவது என்போம், இங்கே நாஷ்டா. ஜும்ஆ தொழுகை முடிந்து பள்ளிவாசல் இமாமான ஹஜரத் வீட்டுக்கு வந்தார். அப்போதுதான் விஷயத்தின் அடி எனக்குப் புரிந்தது.

எங்கள் நிக்காஹில் பெண்ணைக் கொடுக்க ஒரு பொறுப்பாளர் வேண்டும். தகப்பன் உயிரோடு இருந்தால் தகப்பன்தான். அவர் அனுமதி தந்து, தஃப்தர் என்கிற கல்யாணப் பதிவேட்டில் கையொப்பம் போட வேண்டும். அவருக்குப் புத்தி தவறியிருந்தால், வேறு ஆண்கள் இல்லாத இந்த வீட்டில், அந்த உரிமை தம்பிக்குப் போகும். ஞாயிற்றுக்கிழமை கல்யாணம். ஆடி மாதமாதலால் கவரப்பேட்டை மண்டபம் சுலபமாகக் கிடைத்திருந்தது. மாப்பிள்ளைக்கு லீவு பத்தே நாள், துபாய்க்குத் திரும்பியாக வேண்டும். பெண்ணை யார் கொடுப்பது என்பது மட்டும் முடிவாகவில்லை.

“வாய் பேசாதவங்க சைகைல சொன்னா செல்லும்மா. ஆனா அது சைகைதான்னு எனக்கு விளங்கணும். புத்தி நெதானத்துல கீதான்னும் தெரியணும். ஆளுக்கு ஒண்ணு சொல்றீங்க, நான் எத்த எழுதறது?” என்றார் ஹஜரத்.

“நாளைக்கு திருவள்ளூர்ல ஊனமுற்றவங்களுக்கு சர்டிபிகேட்டு குடுக்கற முகாம் கீது. டாக்டரு பாத்து புத்தி இல்லன்னு எழுதி குடுத்துட்டா நானே நின்னு முடிச்சிர்றேன். இந்த பேஜாரே வாணாம்” என்றான் சலீம்.

அண்ணன் எதிரில்தான் உட்கார்ந்திருந்தார். தனக்குப் புத்தி இல்லை என்று எழுதி வாங்க எந்த பஸ்ஸில் போவது என்று அவர் முன்னாலேயே பேசினார்கள். நானும் வருகிறேன் என்றேன். அந்தக் காகிதம் சலீம் கைக்கு வந்துவிடக்கூடாது என்பது ஒன்றுதான் என் மனதில் இருந்தது.

சனிக்கிழமை பெரியபாளையத்துக்குச் சற்று முன்னால் பஸ் நின்றது, நின்றதுதான். ஆடித் திருவிழா. டெம்போ வேன், ஆட்டோ, மாட்டு வண்டி, கோழியைக் காலைக் கட்டித் தொங்கவிட்ட மோட்டார் சைக்கிள். பெண்கள் வேப்பிலை ஆடை கட்டிக்கொண்டு மேளத்தோடு போனார்கள். “எறங்கி நடந்தா முன்னாடி போய்ச் சேந்துருவீங்க. ஆனா டிக்கெட்டு காச திருப்பித் தரமாட்டேன்” என்று கண்டக்டர் அறிவித்தார். ஜன்னல் வழியாகக் கூழ் ஊற்றிக் கொடுத்தார்கள். பினாங்கில் தைப்பூசத்தன்று தண்ணீர்ப் பந்தலில் எந்த மதம் என்று யாரும் கேட்பதில்லை. இங்கேயும் கேட்கவில்லை. சலீம் இரண்டு டம்ளர் குடித்தான்.

சபீரா என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். பொன்னேரியில் விலங்கியல் இரண்டாம் வருஷம். மறுநாள் கல்யாணத்தை வைத்துக்கொண்டு மடியில் ரெக்கார்டு நோட்டில் தவளையின் மூளைக்கு நிழல் தீட்டிக்கொண்டிருந்தாள்.

“மாமி, மனுசனுக்கு பேச்சு இந்தப் பக்கம்தான் கீதுன்னு யாரு கண்டுபிடிச்சா?” என்று கேட்டாள். எங்கள் பக்கம் அப்பாவின் தங்கையும் மாமிதான்.

சொன்னேன். பாரிசில், ரயில் புதிதாக ஓட ஆரம்பித்த காலத்தில், ஓர் ஆஸ்பத்திரியில் இருபது வருஷத்துக்கு மேல் ஒருவன் கிடந்தான். அவனிடம் மிஞ்சியது ஒரே அசை. எதைக் கேட்டாலும் அதையே இரண்டு தரம் சொல்வான். கேட்பது புரியும், எண்ணிக்கையை விரலால் காட்டுவான், கோபம் வந்தால் ஒரே ஒரு வசவு வரும். செத்த பிறகு ஒரு டாக்டர் மண்டையைத் திறந்து பார்த்தார். இடது முன்பக்கத்தில் அழிந்திருந்தது. அப்புறம் ஜெர்மானியர் ஒருவர் வேறு விதமான நோயாளிகளைக் கவனித்தார். தங்குதடையில்லாமல் பேசுவார்கள், அர்த்தம் இருக்காது, எதிராளி சொல்வதும் ஏறாது. அவர்களுக்குச் சேதம் மூளையில் இன்னும் பின்னால்.

“சித்தப்பா மாதிரியா?” என்றாள். முன்சீட்டில் சலீம் திரும்பிப் பார்த்தான். நாங்கள் வேப்பிலையைப் பார்த்தோம்.

இன்னொருவர் கதையும் சொன்னேன், அமெரிக்காவில் ரயில் பாதை போட்ட மேஸ்திரி. பாறைக்கு வைத்த மருந்து வெடித்ததில் இரும்புக் கடப்பாறை கன்னத்தில் நுழைந்து உச்சந்தலை வழியாக வெளியே போனது. செத்துவிடவில்லை, பேச்சும் போகவில்லை. குணம் கெட்டுவிட்டது, ஆளே மாறிவிட்டார் என்று புத்தகங்கள் அவரை வைத்து நூற்றைம்பது வருஷமாகக் கதை பண்ணுகின்றன. அதே ஆள் பிறகு வெளிநாடு போய்ப் பல வருஷம் குதிரை வண்டி ஓட்டிப் பிழைத்தார் என்பதைப் பல புத்தகங்கள் ஓரத்தில் ஒரு வரியில்கூடச் சொல்வதில்லை.

எனக்கு இதில் தீராத கோபம் உண்டு. மூளையின் அந்த இடங்களுக்கு டாக்டர்களின் பெயர். நோயாளியின் மூளை கண்ணாடி ஜாடியில். நோயாளிகளைக் குத்தினார்கள், அளந்தார்கள், விரலை எண்ணச் சொன்னார்கள். உனக்கு என்ன வேண்டும் என்று அந்தப் பாரிஸ்காரனிடம் யாராவது கேட்டதாக நான் படித்ததில்லை. இதைப் பஸ் முழுக்கக் கேட்கும்படி சொன்னேன். அண்ணன் பின்சீட்டிலிருந்து ‘அதான்’ என்றார்.

முகாம் ஒரு பள்ளிக்கூடக் கட்டடத்தில். வரிசை மரத்தடிவரை நீண்டிருந்தது. எங்கள் முறை வந்தபோது டாக்டருக்குத் தலைக்குமேல் வேலை. பேர் என்ன என்றார். அதான். இன்றைக்கு என்ன கிழமை? அதான். எந்த ஊர்? அதான். பேனா காகிதத்தை நோக்கிப் போனது. நான் மேசைமேல் கையை வைத்தேன்.

“வாயில்லாதவரிடம் வாயால் பதில் கேட்கிறீர்கள். நடக்க முடியாதவரை ஓடச் சொல்லிவிட்டு, ஓடவில்லை, அதனால் புத்தி இல்லை என்று எழுதுவீர்களா?”

பின்னால் வரிசையில் முணுமுணுத்தார்கள். “யாருமா அது, பாரின் வக்கீலா?” என்று ஒரு குரல். நான் கிழமைகளைத் துண்டுத்தாள்களில் எழுதி அண்ணன் முன்னால் பரப்பினேன். அவர் சனிக்கிழமையை எடுத்து டாக்டர் பக்கம் தள்ளினார். ஊர்ப் பெயரையும் அப்படியே. டாக்டர் கண்ணாடியைக் கழற்றினார். கெட்ட மனிதர் இல்லை, காலையிலிருந்து இருநூறு பேரைப் பார்த்தவர். கை, பேச்சு இரண்டுக்கும் மட்டும் எழுதினார். புத்தி என்ற கட்டத்தில் ஒரு கோடு இழுத்து விட்டுவிட்டார்.

திரும்பிக் கும்மிடிப்பூண்டி வந்ததும் சலீம் டீக்கடையில் எனக்கும் ஒரு டீ வாங்கிக் கொடுத்தான்.

“செரிக்கா. நீ ஜெயிச்ச. அவரே குடுக்கட்டும். நாளைக்கு தலைய ஆட்டினா போதும். நீ ஒரு பேப்பர்ல எழுதிக் குடு, ஹஜரத்துகிட்ட காட்டிர்றேன்.”

சந்தோஷமாக எழுதினேன். காதர் மொய்தீன் கேட்பதைப் புரிந்துகொள்கிறார், தன் முடிவைத் தானே தெரிவிக்கும் அறிவு அவருக்கு முழுமையாக இருக்கிறது. கீழே என் கையெழுத்து, என் வேலை, பினாங்கு முகவரி. சாயங்காலம் அண்ணனை உட்கார வைத்து ஒத்திகை பார்த்தேன். ஹஜரத் இப்படிக் கேட்பார், நீங்கள் இப்படித் தலையை அசைக்க வேண்டும். முதல் தரம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். இரண்டாம் தரம் என் கையைத் தட்டிவிட்டார். பஸ் அலுப்பு, பாவம், தூங்கட்டும் என்று அண்ணியிடம் சொன்னேன். இருபது வருஷ அனுபவம் எனக்கு.

ஞாயிறு காலை மண்டபத்தில் பிரியாணிக்குத் தம் போட்டாகிவிட்டது. ஆண்கள் பக்கம் ஹஜரத், மாப்பிள்ளை, சாட்சிகள், நடுவில் புதுச்சட்டை போட்ட அண்ணன். ஹஜரத் அனுமதியோடு, அண்ணனுக்குத் துணையாக ஜமுக்காளத்தின் ஓரத்தில் நான். திரைக்கு அந்தப் பக்கம் பெண்கள், நடுவில் சபீரா. அவளிடமும் கேட்பார்கள். அவள் பேசாமல் இருந்தால் அது சம்மதம் என்று வைத்துக்கொள்வார்கள். பெண் பேசாவிட்டால் சம்மதம், அண்ணன் பேசாவிட்டால் புத்தி இல்லை! இதை யாரிடமாவது சொல்லிச் சண்டை போட வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்தபோது ஹஜரத் தொண்டையைக் கனைத்தார்.

“காதர் பாய், உங்க மக சபீராவ இந்த மாப்பிள்ளைக்கு நிக்காஹ் செஞ்சு குடுக்க எனக்கு அனுமதி தரீங்களா?”

அண்ணன் தலையை அசைக்கவில்லை. இடது கையைத் தோள்மட்டத்தில் பக்கவாட்டில் நீட்டினார். உள்ளங்கை தரையைப் பார்த்தபடி, கை முன்னும் பின்னும் வீசியது. மறுபடியும். மறுபடியும்.

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. தசை இழுக்கிறது போலும், நேரம் பார்த்து வலிப்பு வருகிறதோ என்று எழுந்துவிட்டேன். பின்வரிசையில் ஒருவர் சர்பத் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு எழுந்தார். ஆரம்பாக்கத்திலிருந்து வந்திருந்த ரமணய்யா, ஆலையில் அண்ணனுக்கு மேலே கிரேன் ஓட்டுபவர்.

“நிறுத்துன்றாரு நைனா! ஆலை சத்தத்துல வாய்ப்பேச்சு ஏது? பதினெட்டு வருசமா அந்தக் கைய பாத்துதான் நா பிரேக்கு போட்றேன். அது நிறுத்துதான்.”

எனக்கு முகம் எரிந்தது. காது கேளாதவர்கள் கையால் பேசுகிற பாஷையும் மூளையின் அதே இடது பக்கத்தில்தான் இருக்கிறது. அங்கே அடிபட்டால் அதுவும் போய்விடும். அதனால் அண்ணனின் தொழில் சைகையும் போயிருக்கும் என்று நானே தீர்மானித்து, அதைச் சோதிக்கக்கூட இல்லை. அதைவிடப் பெரிய தப்பு இன்னொன்று. மூன்று நாளாகச் சாவி, டம்ளர், கிழமை என்று எல்லாம் கேட்டேன். இந்தக் கல்யாணத்தில் உங்களுக்கு இஷ்டமா என்று ஒரு தரம் கேட்கவில்லை. எங்கள் வீடுகளில் தகப்பனிடம் அதைக் கேட்பது ஒரு சடங்கு. பதில் எப்போதும் தயாராக இருக்கும். பாரிஸ் டாக்டர்களைத் திட்டிய அதே வாய்தான் இதுவும்.

ஆனால் வேலை வேலைதான். “ஹஜரத், அதே கேள்வியைத் திருப்பிப் போட்டுக் கேளுங்க” என்றேன். “பதில் மாறினால்தான் புரிந்துதான் சொல்கிறார் என்று அர்த்தம்.”

“காதர் பாய், இந்த நிக்காஹ் வாணாம்ன்றீங்களா?”

அண்ணன் தலையை மேலும் கீழும் நன்றாக ஆட்டினார்.

“மாப்பிள்ளை மேல குறை எதும் கீதா?”

இல்லை என்று தலை ஆடியது.

“பொண்ணு படிச்சு முடிக்கணுமா?”

அண்ணன் ஆட்காட்டி விரலை மேலே நீட்டி மெல்ல வட்டம் போட்டார். ரமணய்யா இரண்டு அடி முன்னால் வந்தார். “தூக்குன்றாரு. மேல தூக்கு, மெதுவா தூக்குன்றாரு.”

ஹஜரத் திரையைப் பார்த்து, “நீ இன்னாமா சொல்ற?” என்றார். சம்பிரதாயப்படி மௌனம் வர வேண்டிய இடம். “அத்தா சொல்றதுதான். எனக்கும் இப்ப வாணாம்” என்று சபீராவின் குரல் மண்டபத்தின் கடைசி வரிசைவரை கேட்டது. மாப்பிள்ளையின் தாய் எழுந்துவிட்டார். மாப்பிள்ளை தலைகுனிந்து உட்கார்ந்திருந்தான். அவனைப் பார்க்க எனக்கும் கஷ்டமாகத்தான் இருந்தது. ஹஜரத் தஃப்தரை மூடினார்.

சலீம் என்னிடம் வந்தான். கண் சிவந்திருந்தது. “எட்டு மாசமா நான் தூக்கிக்கினு அலஞ்சேன். ஆஸ்பத்திரி, கக்கூசு, எல்லாம் நான். இப்ப ஊரே சிரிக்குது. நீதான எழுதிக் குடுத்த? நீயே புத்தி சரியில்லன்னு மாத்தி எழுதிக் குடு. இன்னும் நேரம் போவல, நான் நின்னு முடிச்சிர்றேன்.” நான் எழுதிய காகிதத்தைச் சட்டைப்பையிலிருந்து எடுத்து விரித்தான்.

அவன் அலைந்தது உண்மை. “மாத்தி எழுத மாட்டேன்” என்றேன். “அவருக்குப் புத்தி இருக்குன்னு நான் சொன்னப்போ, சரின்னுதான் சொல்லப்போறார்னு நீயும் நெனச்ச, நானும் நெனச்சேன். இல்லன்னு சொல்றதுக்கும் அதே புத்திதான் வேணும், சலீம்.”

“அப்ப இத்த கிழிச்சிப் போட்றேன்.”

“அது என் காகிதம் இல்ல. அவரைப் பற்றினது. அவரைக் கேட்டுக் கிழி.”

பிரியாணி வாசனை வந்துகொண்டிருந்தது. யாரும் பந்திக்கு நகரவில்லை. சலீம் காகிதத்தோடு ஜமுக்காளத்தில் அண்ணன் எதிரில் மண்டியிட்டு உட்கார்ந்தான். எட்டு மாதத்தில் முதல்முறையாக அவர் முகத்தைப் பார்த்து, அவரிடமே கேட்டான்.

“அண்ணே, கிழிச்சிரட்டா?”

அண்ணனின் இடது கை தோள்மட்டத்தில் பக்கவாட்டில் நீண்டது, உள்ளங்கை தரையைப் பார்த்தபடி.